குடும்பப் பேச்சு

அலுவலகத்தில் எல்லோருக்கும் அவள் புள்ளியக்கா. சொந்தப் பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும்தான் இருந்தது. ஒருமுறை மேலிடத்துக்குப் போன கடிதத்தில் கடைசி வாக்கியத்துக்கு முற்றுப்புள்ளி வைக்க மறந்துவிட்டாள். ஞாபகம் வந்ததும் மூன்று மாடி இறங்கி ஓடினாள். வாசலில் சைக்கிளில் ஏறப்போன ஊழியரை நிறுத்தி, உறையைப் பிரித்து, பேனாவால் ஒரு புள்ளி வைத்துவிட்டுத்தான் மூச்சு விட்டாள். அன்றைக்கு ஒட்டிக்கொண்ட பெயர் அது. அவளும் கோபித்துக்கொள்ளவில்லை. "புள்ளி வெக்காத வாக்கியம் கதவு சாத்தாத வீடு மாதிரி. யார் வேணாலும் உள்ள புகுந்துடலாம்" என்பாள்.

மூன்றாவது மாடியில் இருந்த அந்தப் பிரிவின் பலகையில் 'ஆவணப் பராமரிப்பு' என்று எழுதியிருந்தது. பலகையைப் பார்த்தால் கொட்டாவி வரும், வரட்டும் என்றுதான் அப்படி எழுதியிருந்தார்கள். உள்ளே ஆறு மேசைகள், ஆறு பெண்கள். காதில் காதொலிப்பான் மாட்டிக்கொண்டு ஊரார் தொலைபேசியில் பேசுவதைக் கேட்டுத் தட்டச்சு செய்வது வேலை. மேசைக்கு அடியில் ஒரு மிதி இருக்கும். மிதித்தால் பேச்சு ஓடும், காலை எடுத்தால் நிற்கும், குதிகாலால் அழுத்தினால் ஐந்து விநாடி பின்னால் போகும். புள்ளியக்கா செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு வெறுங்காலால்தான் மிதிப்பாள். செருப்புப் போட்ட காலுக்குப் பேச்சின் நெளிவு தெரியாதாம்.

அதற்கு முன்னால் பதினொரு வருஷம் நீதிமன்றத்தில் தட்டச்சு செய்துகொண்டிருந்தவள். இந்த வேலைக்கு அவளாகவே எழுதிக் கேட்டு வந்தாள். காரணம் அவள் தம்பி. ஒரு காலை, ரயில் நிலையத்திலிருந்து கூப்பிட்டான். "அக்கா, வண்டி வந்துடுச்சு, சாயந்திரம் உன் வீட்ல இருப்பேன்" என்றான். சாயந்திரம் அவன் வரவில்லை. நடைமேடையில் ஒரு பெஞ்சுக்கு அடியில் யாரோ வைத்துவிட்டுப் போன பை வெடித்துப் பதினேழு பேர் செத்துப்போனார்கள். அவன் கைக்கடிகாரத்தைத்தான் வீட்டுக்குக் கொண்டுவந்து கொடுத்தார்கள். அந்தப் பையை வைத்தவன் யாரிடமாவது பேசியிருப்பானே, யாராவது ஒருத்தர் அதைக் கேட்டிருந்தால் என்ற ஒரே நினைப்பு அவளைத் தின்றது. அப்படித்தான் கேட்கிற வேலைக்கு வந்தாள். வேலை தப்பு என்று அவளுக்கு ஒருநாளும் தோன்றியதில்லை. அவளை நான் பழிக்கப்போவதும் இல்லை. நம் வீட்டில் அப்படி ஒரு கைக்கடிகாரம் இருந்தால் நாமும் என்ன செய்வோமோ, யார் கண்டார்கள்?

சேர்ந்த அன்றைக்கே ரகசியக் காப்புப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். வெளியே மூச்சு விடக்கூடாது, விட்டால் சிறை. கணவரிடம் "பழைய ரெக்கார்டுகளை டைப் பண்றேன்" என்று சொல்லிவைத்தாள். அந்த மனுஷன் அதற்குமேல் கேட்கவில்லை. ஆனால் ஒன்று, அவளால் தொலைபேசியில் பேச முடியாமல் போய்விட்டது. வெளியூரில் கட்டிக்கொடுத்த மகள் ஆசையாகக் கூப்பிட்டால், "நல்லா இருக்கேன். நீ நல்லா இருக்கியா? சரி. மீதி நேர்ல பேசிக்கலாம்" என்று வைத்துவிடுவாள். இருபது விநாடி தாண்டாது. "எங்கம்மா ஃபோன்ல தந்தி அடிக்கிற ஆளு" என்று மகள் எல்லோரிடமும் சொல்லிச் சிரிப்பாள். சிரிப்புக்குப் பின்னால் அவளுக்கு மனத்தாங்கல் இருந்தது. அம்மாவுக்கு என்மேல் பாசமே கிடையாதோ என்று அப்பாவிடம் ஒருமுறை கேட்டே விட்டாள்.

வேலையில் விதிகள் கறாரானவை. சுவரில் ஒரு பட்டியல் ஒட்டியிருக்கும். பாலம், ரயில், மின்நிலையம், குடிநீர், தொட்டி, இப்படி நாற்பது சொற்கள். அவற்றில் ஒன்று பேச்சில் வந்தால் அந்த வாக்கியத்தை ஒரு எழுத்து விடாமல் அடிக்க வேண்டும். சிரிப்பு, அழுகை, இருமல், பெருமூச்சு எதையும் எழுதக்கூடாது. வார்த்தை மட்டும். முப்பதாவது நாள் ஒலிப்பதிவை அழித்துவிட வேண்டும். மக்களுடைய அந்தரங்கத்தைக் காப்பாற்ற நீதிமன்றம் சொல்லி வந்த விதி அது. அடித்த தாள் மட்டும் கோப்பில் இருக்கும்.

இவற்றோடு புள்ளியக்கா தானாக ஒரு வழக்கம் வைத்திருந்தாள். புருஷன் பெண்டாட்டி சண்டை, கல்யாணப் பேச்சு, வயிற்றுக் கோளாறு, மாமியார் புராணம், இதையெல்லாம் அவள் அடிக்கமாட்டாள். அந்த இடத்தில் அடைப்புக்குறி போட்டு 'குடும்பப் பேச்சு' என்று இரண்டே சொல் எழுதிவிட்டுப் போவாள். "அடுத்தவங்க படுக்கையறைக்குள்ள நமக்கு என்னடி வேலை? காதுல விழுந்துச்சு, விழுந்ததோட போகட்டும். தாள்ல எதுக்கு?" என்று மற்ற ஐந்து பேருக்கும் சொல்லிச் சொல்லி, பிரிவு முழுக்க அதுவே பழக்கமாகிவிட்டது. அதிகாரிக்கும் தாள் மிச்சம், நேரம் மிச்சம். ஆக, அந்தக் கட்டடத்தில் ஜனங்களுடைய மானத்துக்கு ஒரு திரை போட்டவள் அவள்தான். அந்தத் திரைதான் பிறகு ஒருத்தன் கழுத்தைச் சுற்றியது.

குடிநீர் வாரியத்தில் மோட்டார் இயக்குகிற பன்னிரண்டு பேர் ஏதோ கோரிக்கை வைத்து இரண்டு நாள் வாசலில் உட்கார்ந்தார்கள். ஊருக்குத் தண்ணீர் விடுகிறவர்கள் முரண்டு பிடித்தால் மேலே சும்மா இருப்பார்களா? பன்னிரண்டு பேருடைய தொலைபேசியும் பட்டியலில் ஏறியது. அதில் நாற்பத்தொன்றாம் எண் புள்ளியக்காவுக்கு வந்தது. முப்பது வயசுக்காரன், கல்யாணமாகாதவன். வியாழக்கிழமை தோறும் வேலை முடிந்ததும் தன் அக்காவைக் கூப்பிடுவான். அக்கா ஒரு மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள், இரண்டு பிள்ளைகளின் தாய். "அக்கா" என்று அவன் ஆரம்பிக்கும்போதே புள்ளியக்காவுக்குத் தன் தம்பி ஞாபகம் வந்துவிடும். அதே இழுப்பு, அதே செல்லம். மனசுக்குள் அவனுக்குத் தண்ணித்தம்பி என்று பெயர் வைத்துவிட்டாள். வெள்ளிக்கிழமை காலையில் அந்தப் பதிவு மேசைக்கு வரும். பஸ்ஸில் வரும்போதே இன்றைக்கு என்ன பேசியிருப்பான் என்று காத்திருப்பாள். அவர்கள் பேச்சில் முக்கால்வாசி அடைப்புக்குறிக்குள்தான் போகும். மீதி கால்வாசி, சாப்பிட்டியா, தூங்கினியா.

அந்த வெள்ளிக்கிழமைப் பேச்சு இது.

"டேய், மாமியார் ஒரு மாசம் வந்து தங்கப்போறாங்களாம்டா. தானும் தூங்கமாட்டாங்க, நம்மளையும் தூங்க விடமாட்டாங்க. பிடிச்சு உக்கார வெச்சுக் கதை சொல்லுவாங்க, அதுவும் போன தடவை சொன்ன அதே கதை" என்று அக்கா அலுத்துக்கொண்டாள்.

"அவ்வளவுதானே? உன் கடையில தூக்க மருந்து இருக்கில்ல, ஒரு மூட்டை கொண்டு வா. தொட்டியில கலந்துடறேன். ஊரே தூங்கிடும். உன் மாமியார் மட்டும் முழிச்சுட்டு உக்காந்திருக்கட்டும், கதை கேக்க ஆளே இல்லாம!"

அக்காவுக்குச் சிரிப்பு முதலில் விக்கல் மாதிரிதான் வரும். பிறகு அணை உடைந்துவிடும். "பாவி, வயிறு வலிக்குதுடா" என்று அவள் கெஞ்ச, அவன் மாமியார் குரலில் பேசிக் காட்ட, இரண்டு பேரும் ஒரு நிமிஷத்துக்கு மேல் சிரித்தார்கள். புள்ளியக்கா மிதியிலிருந்து காலை எடுத்துவிட்டு, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, தானும் குலுங்கினாள். குதிகாலால் அழுத்தி இன்னொரு முறை கேட்டாள். தம்பி போனபிறகு அவள் அப்படிச் சிரித்ததே இல்லை.

சிரித்து முடித்துவிட்டு வேலையைப் பார்த்தாள். தொட்டி என்ற சொல் பட்டியலில் இருக்கிறது, அடித்தே ஆகவேண்டும். மாமியார் கதை குடும்ப விஷயம், அடிக்கக்கூடாது. சிரிப்பு விதியிலேயே கிடையாது. தாளில் கடைசியில் இருந்தது இவ்வளவுதான்:

(குடும்பப் பேச்சு.)

உன் கடையில தூக்க மருந்து இருக்கில்ல, ஒரு மூட்டை கொண்டு வா. தொட்டியில கலந்துடறேன். ஊரே தூங்கிடும்.

(குடும்பப் பேச்சு.)

புள்ளிகளெல்லாம் சரியாக இருந்தன. படிக்கிற எந்த மனுஷனுக்கும் இது கேலி என்று தெரியாதா என்ன என்று நினைத்து, கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டாள். அடிப் பாவி மகளே! படிக்கிறவன் காதில் அந்தச் சிரிப்பு எங்கே கேட்கும்? உன் காதில் அல்லவா அது இருந்தது!

தாள் ஒவ்வொரு மேசையாக ஏறிக்கொண்டிருந்தது. வழியில் அவன் அக்காவின் எண்ணும் பட்டியலில் சேர்ந்துகொண்டது. முப்பதாவது நாள், வழக்கம்போல, அவளே தன் கையால் அந்த ஒலிப்பதிவை அழித்தாள். முப்பத்துநான்காவது நாள் காதில் மாட்டியதும் அக்காவின் அலறல்தான் கேட்டது. பக்கத்து வீட்டுக்காரரிடம் பேசிக்கொண்டிருந்தாள். "வேலை முடிஞ்சு வாசலுக்கு வந்தவனை அப்படியே வண்டியில ஏத்திட்டுப் போயிட்டாங்களாம் அண்ணே. எங்கன்னு கேட்டா சொல்லமாட்டேங்கறாங்க. தொட்டியில விஷம் கலக்கப் பாத்தானாம். எந்தப் பாவி சொன்னது இதை?"

புள்ளியக்காவின் கால் மிதியிலேயே கிடந்ததால் பேச்சு அது பாட்டுக்கு ஓடி முடிந்தது. பிறகு எழுந்து, செருப்புக்கூடப் போடாமல் அதிகாரி அறைக்குப் போனாள்.

பிரிவு அதிகாரி அவளைவிட வயதில் சின்னவர். அவரும் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார். கெட்ட மனுஷர் இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். அவள் சொன்னதை முழுக்கக் கேட்டார்.

"பதிவு இருக்கா அக்கா?"

"இல்ல சார். முப்பது நாள் ஆச்சு. நான்தான் அழிச்சேன்."

அவர் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். "உங்க தம்பி விஷயத்துல நடந்தது உங்களுக்குத் தெரியாது. ரெண்டு நாள் முன்னாடியே ஒரு பேச்சு நம்மகிட்ட வந்துச்சு. 'பையை பெஞ்சுக்கு அடியில வெச்சுட்டு வந்துடு'ன்னு. எழுதினவர் ஓரத்துல 'சிரித்துக்கொண்டே சொல்கிறார், வேடிக்கைப் பேச்சு'ன்னு குறிச்சு அனுப்பினார். மேல யாரும் சீண்டல. பதினேழு பேர் அக்கா. அதுக்கப்புறம்தான் சிரிப்பை எழுதக் கூடாதுன்னு விதி வந்துச்சு. இப்ப நீங்க வந்து சிரிச்சாங்கன்னு சொல்றீங்க. நான் எந்தச் சிரிப்பை நம்பறது, சொல்லுங்க?"

தம்பி செத்ததற்குப் போட்ட விதி இன்னொருத்தி தம்பியைக் கொண்டுபோய்விட்டது. யாரை நோவது?

"இந்தப் பையன் அப்படி இல்ல சார். ஒன்றரை வருஷமா கேக்கறேன். எனக்குத் தெரியும் சார்" என்று மட்டும் சொன்னாள். சொல்லும்போதே அழுதுவிட்டாள்.

அவனைப் பிடித்துப்போன தடுப்புக்காவல் சட்டத்தில் விசாரணை இல்லாமல் ஒரு வருஷம் உள்ளே வைக்கலாம். ஆனால் மூன்று மாதத்துக்குள் மூன்று பேர் கொண்ட ஆலோசனைக் குழு கோப்பைப் பார்க்க வேண்டும். காரணம் போதாது என்று அவர்கள் சொன்னால் விட்டுவிட வேண்டும். வீட்டார் வேண்டுமானால் நேரில் வந்து பேசலாம். தண்ணித்தம்பிக்கு இருந்த ஒரே வாசல் அந்தக் குழு. "நீங்க எழுதிக் கொடுங்க, கோப்புல வெக்கறேன். படிப்பாங்களான்னு நான் சத்தியம் பண்ண முடியாது" என்றார் அதிகாரி. அவள் எழுதினாள்: 'மேற்படி வாக்கியத்துக்கு முன்னும் பின்னும் மாமியாரைப் பற்றிய கேலிப் பேச்சு இருந்தது. அதை நான் அடிக்கவில்லை. இருவரும் நெடுநேரம் சிரித்தார்கள்.' நேரில் வந்து சொல்லட்டுமா என்றும் கேட்டாள். ரகசியக் காப்புப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டவர்கள் தாங்களாகப் போக முடியாது, குழு கூப்பிட்டால்தான், வீட்டார் கேட்டால்தான் குழு கூப்பிடும் என்றார். வீட்டாருக்கோ அப்படி ஒருத்தி இருப்பதே தெரியாது.

குழு கூடும்வரை இருந்த எண்பது நாளும் அவள் அந்தக் குடும்பத்தைக் கேட்டுக்கொண்டே இருந்தாள். வக்கீல்கள் கை விரித்ததைக் கேட்டாள். மாமியார் ஒரு மாசத்துக்கு வந்தவர், மருமகளைத் தனியாக விட மனசில்லாமல் அங்கேயே தங்கிவிட்டதைக் கேட்டாள். இப்போது எல்லாவற்றையும் ஒரு வரி விடாமல் அடித்தாள். அடைப்புக்குறியே போடவில்லை. வீட்டில் சோறு இறங்கவில்லை. "உடம்புக்கு என்ன?" என்று கணவர் கேட்டால் தலைவலி என்றாள். ஒரு தாள் கோப்பில் இருக்கிறது என்பதை நம்பிப் பேசாமல் இருந்திருக்கலாம். நீதிமன்றத்தில் பதினொரு வருஷம் இருந்தவள். கோப்பில் இருக்கிற தாளை எத்தனை பேர் படிக்கிறார்கள் என்று அவளுக்குத் தெரியாதா?

குழு கூடுவதற்கு ஐந்து நாள் இருக்கும்போது, மதியச் சாப்பாட்டு நேரத்தில், இரண்டு பஸ் மாறி அந்த மருந்துக்கடைக்குப் போனாள். விலாசம் அவளுக்கு மனப்பாடம். கல்லாவுக்குப் பின்னால் ஒல்லியாக ஒரு பெண், கத்தரிக்கோலால் மாத்திரை அட்டையை வெட்டிக்கொண்டிருந்தாள். "என்ன வேணும்மா?" என்றதும் புள்ளியக்கா அவளை ஏறிட்டுப் பார்த்தாள். குரலைத் தெரியும், முகத்தை இப்போதுதான் பார்க்கிறாள்.

"தலைவலி மாத்திரை குடுங்க." முன்னால் நின்ற இரண்டு பேரும் போகும்வரை காத்திருந்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "உங்க தம்பி விஷயமாத்தாம்மா வந்தேன்."

கத்தரிக்கோல் நின்றது. "நீங்க யாரு?"

"அதை விடுங்க. நீங்க ரெண்டு பேரும் பேசினது எனக்குத் தெரியும். மாமியார் கதை, தூக்க மருந்து, எல்லாம் தெரியும். அன்னைக்கு நீங்க விழுந்து விழுந்து சிரிச்சீங்க. குழு முன்னாடி போறப்ப, அதை எழுதின ஆளைக் கூப்பிடுங்கன்னு கேளுங்க. அது போதும். நான் வந்து சொல்றேன், சிரிச்சாங்கன்னு."

எத்தனை நாள் மனசுக்குள் ஒத்திகை பார்த்த பேச்சு! கேட்ட பெண்ணுக்கு அது எப்படிக் கேட்கும் என்று மட்டும் இவள் யோசிக்கவில்லை. அந்தப் பெண்ணின் முகம் வெளுத்துவிட்டது. தம்பிக்கும் தனக்கும் மட்டும் தெரிந்த பேச்சை முன்பின் தெரியாத ஒருத்தி வந்து ஒப்பிக்கிறாள் என்றால், அவள் யார் அனுப்பி வந்தவள்?

"நான் சிரிக்கலம்மா" என்றாள்.

"சிரிச்சது தப்பே இல்லம்மா. அதுதான் உங்க தம்பியை..."

"சிரிக்கவே இல்லைங்கறேன்ல! நாங்க அப்படி எதுவும் பேசவே இல்ல. சத்தியமா நான் சிரிக்கல." அவள் கைகளைக் கூப்பிவிட்டாள். "எனக்கு ரெண்டு பிள்ளைங்க இருக்கு. எங்களை விட்டுடுங்கம்மா. காசு வேணாம், மாத்திரையை எடுத்துட்டுப் போங்க."

அட்டையைக் கையில் திணித்து, கடையின் பின்பக்கம் போய்விட்டாள். புள்ளியக்கா சிறிது நேரம் நின்று பார்த்தாள். அவள் திரும்பி வரவில்லை.

குழு கூடி இரண்டு நாள் கழித்து அதிகாரி கூப்பிட்டார். "ஒரு வருஷத்தை உறுதி பண்ணிட்டாங்க அக்கா" என்றார். "நீங்க நினைக்கற மாதிரி இல்ல, உங்க குறிப்பைப் படிச்சிருக்காங்க. தலைவர் அந்தப் பொண்ணுகிட்ட நல்லபடியாத்தான் கேட்டிருக்கார், 'என்னம்மா பேசிக்கிட்டீங்க, தைரியமா சொல்லு'ன்னு. அவ என்னடான்னா, அப்படிப் பேசவே இல்ல, நான் சிரிக்கவே இல்லைன்னு சத்தியம் பண்ணியிருக்கா. தாள் முன்னாடி இருக்கு. பேசவே இல்லைன்னா எப்படி? ஏதோ மறைக்கறான்னுதான் முடிவுக்கு வந்தாங்க." கோப்பை மூடி வைத்துவிட்டு, "ஒண்ணுதான் எனக்குப் புரியல அக்கா. சிரிச்சியான்னு அவளை யாருமே கேக்கல. எதுக்குத் தானா அதைச் சொன்னா?" என்றார்.

எதற்கு என்று அந்த அறையில் தெரிந்தவள் ஒருத்திதான். அவள் வந்து மேசையில் உட்கார்ந்து, செருப்பைக் கழற்றி வைத்தாள். ஒரு தாளில் சரியாகிவிட இருந்ததை ஒரு மருந்துக்கடையில் கெடுத்துவிட்டு வந்திருந்தாள்.

அவன் முழு வருஷமும் உள்ளே இருந்தான். வாரியம் வேலையிலிருந்து நீக்கியது. வெளியே விட்டபிறகும் நாற்பத்தொன்றாம் எண் பட்டியலிலேயே இருந்தது. ஒருமுறை ஏறிய எண்ணை இறக்க யார் கையெழுத்துப் போடுவார்கள்? முதல் வியாழக்கிழமை அவன் அக்காவைக் கூப்பிட்டான். மறுநாள் காலை அந்தப் பதிவு வந்தது. அவள் காதொலிப்பானை மாட்டிக்கொண்டு மிதித்தாள்.

"அக்கா."

"ம். நல்லா இருக்கியா?"

"நல்லா இருக்கேன்."

"சாப்பிட்டியா?"

"சாப்பிட்டேன்."

"சரி. மீதி நேர்ல பேசிக்கலாம்."

"சரிக்கா."

இருபது விநாடி. புள்ளியக்கா குதிகாலால் அழுத்தி மறுபடி கேட்டாள், அதற்குப் பிறகும் கேட்டாள். தன் மகளிடம் தான் பேசுகிற பேச்சு அது, வார்த்தைகூட மாறவில்லை. ஏழு வரியையும் அடித்தாள். தவிர்க்க வேண்டிய குடும்பப் பேச்சு அதில் எதுவும் இல்லை. பிறகு, பத்து வருஷத்தில் முதல்முறையாகத் தட்டச்சு விதியை மீறி, அடியில் ஒரு வரி சேர்த்தாள்:

(இருவரும் சிரிக்கவில்லை.)

சாயந்திரம் தாள் திரும்பி வந்தது. அந்த வரியின்மேல் சிவப்புப் பென்சிலால் ஒரு கோடு. ஓரத்தில் அதிகாரியின் கையெழுத்தில், 'அக்கா, இது விதியில் இல்லை. மாற்றி அடித்துக் கொடுங்கள்' என்று எழுதியிருந்தது. அவள் தாளைத் திருப்பிக் கொண்டுபோய் அவர் மேசையில் வைத்தாள். மாற்றி அடித்துக் கொடுக்கவில்லை.